ஐம்பதாவது செப்டம்பரில் வந்த தங்கை

பேர்லினில், நொய்கெல்ன் பகுதியில், வயதானவர்களின் வீடுகளுக்குப் போய்ப் பராமரிக்கும் வேலையை நான் இருபது வருடங்களுக்கு மேலாகச் செய்து வருகிறேன். காலையில் ஏழு வீடுகள். ஒரு வீட்டுக்கு இருபது நிமிடம், சில வீடுகளுக்கு அரை மணி நேரம். வீங்கிய கால்களுக்கு இறுக்கமான காலுறை போட்டுவிடுவேன், மாத்திரைகளை எடுத்து வைப்பேன், இரத்த அழுத்தம் பார்ப்பேன், சிலரைக் குளிக்க வைப்பேன். கதைப்பதற்கென்று அட்டவணையில் நேரம் ஒதுக்கப்படவில்லை. ஆனாலும் ஒருவரின் காலை மடியில் தூக்கி வைத்துக்கொண்டு வாய் திறக்காமல் இருக்க முடியாது.

என் பட்டியலில் மூன்றாவது வீடு சிலி நாட்டுப் பெண் ஒருவருடையது. முதல் மாடி. தனியாக இருந்தார். நான் போகத் தொடங்கியபோது அவருக்கு எழுபது வயதிருக்கும். வேலையிடத்து வழக்கப்படி நான் அவரைக் குடும்பப் பெயர் சொல்லித்தான் அழைப்பேன். மனதுக்குள் அவர் எனக்கு அக்கா. இங்கும் அப்படியே சொல்கிறேன். அவர் என்னை ‘ஸ்வெஸ்டர்’ என்பார். இந்த நாட்டில் வயதானவர்கள் தாதிமாரையும் எங்களைப் போன்றவர்களையும் அப்படித்தான் அழைப்பார்கள். சகோதரி என்பதற்கும் அதே சொல்தான். நாங்கள் இருவரும் கதைத்தது ஜேர்மன் மொழியில். இரண்டு பேருக்கும் அது வளர்ந்தபின் படித்த மொழி. ஆனால் அவர் சொன்னவை என் நினைவில் என் ஊர்த் தமிழாகத்தான் கிடக்கின்றன.

முதல்நாள் நான் இலங்கை என்று சொன்னதும் மற்றவர்கள் கேட்பதுபோல யானையையும் கடற்கரையையும் அவர் கேட்கவில்லை. காலை என் மடியில் வைத்தபடி, “உங்கட வீட்டில ஆர் காணாமல் போனது?” என்று கேட்டார்.

“அண்ணா,” என்றேன். யோசிக்காமலே வந்துவிட்டது.

“எனக்குக் கட்டின மனிசன்,” என்றார் அவர்.

நான் மற்றக் காலுக்கும் காலுறையை ஏற்றிவிட்டுக் கையெழுத்து வாங்கிக்கொண்டு கிளம்பினேன். படியில் இறங்கும்போதுதான், என்னிடம் அந்தக் கேள்வியை யாரும் கேட்டுப் பல வருடங்கள் ஆகிவிட்டன என்பது உறைத்தது.

சிலி பற்றி எனக்கு ஒன்றும் தெரியாது. உலகப் படத்தில் மிளகாய்ப்பழம் போல நீளமாகத் தொங்கும் நாடு என்பது மட்டும் தெரியும். அந்த நாட்டின் கதையை அக்கா அரை மணி அரை மணியாக எனக்குச் சொன்னார். 1973ஆம் ஆண்டு செப்டம்பர் பதினோராம் திகதி, ஒரு செவ்வாய்க்கிழமை, மக்கள் வாக்களித்துக் கொண்டுவந்த அரசை இராணுவம் கவிழ்த்தது. தங்கள் ஜனாதிபதி மாளிகையின் மேல் தங்கள் விமானங்களே குண்டு போட்டன. அக்காவுக்கு அப்போது இருபத்தாறு வயது. கையில் ஒரு வயதுப் பெண் குழந்தை. கணவர் ஒரு துணி ஆலையில் தொழிற்சங்கத்தில் இருந்தார். நான்காம் நாள் சவரம் செய்துகொண்டிருந்தவரைப் பாதி முகத்தில் சவர்க்கார நுரையுடன் கூட்டிப் போனார்கள்.

பிடித்தவர்களை விளையாட்டரங்கில் அடைத்து வைத்திருப்பதாகக் கேள்விப்பட்டு, தினமும் தோய்த்து மடித்த சட்டை ஒன்றைக் கொண்டுபோய் வாசலில் நின்றிருக்கிறார். எட்டாவதோ ஒன்பதாவதோ நாள் ஒரு சிப்பாய் அந்தச் சட்டையை வாங்கி உள்ளே கொண்டுபோனான். ஆள் உள்ளேதான் இருக்கிறார் என்று அன்றிரவு சந்தோஷமாக இருந்ததாக அக்கா சொன்னார். பிறகு எந்தப் பட்டியலிலும் அந்தப் பெயர் வரவில்லை. ஒரு வருடம் அலைந்துவிட்டுக் குழந்தையோடு முதலில் ஹம்பேர்க், பின்னர் பேர்லின் என்று வந்துவிட்டார். இங்கே ஒரு பாலர் பாடசாலையில் ஓய்வு பெறும்வரை வேலை செய்தார்.

அவருக்கு ஒரு தங்கை இருப்பது எனக்கு நெடுநாள் தெரியாது. ஒருநாள் தபால் பெட்டியிலிருந்து நான் எடுத்துவந்த அட்டை ஒன்றைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தார்.

“தங்கச்சி போட்டது. இத்தனை வருசமா நான் அவளுக்கு ஒரு கடிதம்கூட எழுதேல்லை,” என்றார்.

“ஏன்?”

“எழுதினால் விலாசம் எழுத வேணுமே. அவள் இருந்த தெருவுக்கு அந்தத் திகதியைத்தான் பேரா வைச்சவங்கள். செப்டம்பர் பதினொண்டு அவென்யு. என்ர கையால அதை எப்பிடி எழுதிறது?”

நான் நம்பவில்லை. வீதிக்கு மட்டும் இல்லை என்றார் அவர். நாணயத்தில் செட்டை முளைத்த ஒரு பெண் விலங்கை உடைப்பது போலப் படம் போட்டு, பக்கத்தில் ‘சுதந்திரம்’ என்றும் அதே திகதியையும் பொறித்திருந்தார்களாம். பல வருடங்கள் அந்த நாள் அரச விடுமுறையாக இருந்ததாம். ஒரே நாளில் ஒரு தெருவில் கொடி ஏற்றுவார்கள். அடுத்த தெருவில் விளையாட்டரங்கின் வாசலில் மெழுகுதிரி கொளுத்துவார்கள். நடந்ததற்கு அக்கா சொல்லும் ஸ்பானியச் சொல்லுக்கு ‘அடி’ என்று பொருள். தங்கையின் புகுந்த வீட்டில் அதே நாளுக்கு ‘விடுதலை’ என்று பெயர். வெகு காலத்துக்குப் பிறகு மாநகர சபை அந்த வீதிக்கு முந்தைய பெயரையே திரும்பவும் வைத்தது. புதிய விலாசத்துடன் தங்கை போட்ட முதல் அட்டையைத்தான் அன்று நான் எடுத்து வந்திருந்தேன்.

அக்கா அதற்குப் பதில் போடவில்லை. வீதியின் பெயர் மட்டுமா காரணம் என்று நானும் கேட்கவில்லை.

அந்தச் செவ்வாய்க்கிழமையின் ஐம்பதாவது ஆண்டு நெருங்கியபோது ஜேர்மன் தொலைக்காட்சியிலும் அந்தப் பழைய படங்கள் திரும்பத் திரும்ப வந்தன. புகை எழும்பும் வெள்ளை மாளிகை. நிலத்தில் குப்புறப் படுக்கவைக்கப்பட்ட ஆட்கள். அக்கா ஒலியை நிறுத்திவிட்டுப் படத்தை மட்டும் பார்ப்பார். ஜூலை மாதம் ஒரு காலை, நான் உள்ளே போனபோது அவர் இன்னும் இரவு உடுப்போடு கட்டிலில் இருந்தார்.

“தங்கச்சி போன் எடுத்தவள்,” என்றார். “வரப் போறாளாம். செப்டம்பரில, ரெண்டு கிழமைக்கு.”

“நல்லதுதானே.”

“அவளின்ர மனிசன் ஆமிக்காரன். வாகனப் பிரிவில அதிகாரி. போன வருசம் செத்துப் போனான்.” தலையணையை நிமிர்த்தி வைத்தார். “என்ர மனிசனைப் பிடிச்ச நேரம் அவன் அவளைக் கட்டேல்லை, கட்டப் போறவன். நான் அவளிட்டை ஓடினன், அவனிட்டைக் கேட்டுச் சொல்லு எண்டு. ரெண்டு நாள் கழிச்சு வந்து என்ன சொன்னவள் தெரியுமே? ஒரு லிஸ்டிலயும் அவரின்ர பேர் இல்லையாம். ஆரோ ஒரு பொம்பிளையோட போயிருப்பாராம். இதைத்தான் ரேடியோவிலயும் சொன்னவங்கள். ஆனால் என்ர வீட்டில, என்ர பிள்ளையை இடுப்பில வைச்சுக்கொண்டு அவள் சொன்னவள்.”

அந்த ஒரு வசனத்துக்காக ஐம்பது வருடங்கள். தாயார் இறந்தபோது ஒரு தடவை தொலைபேசியில் கதைத்ததோடு சரி.

“ஸ்வெஸ்டர், வரச் சொல்லட்டே?”

இப்படியான கேள்விகளுக்குப் பதில் சொல்ல வேண்டாம் என்றுதான் எங்களுக்குப் பயிற்சியில் சொல்லித் தந்தார்கள். நான் காலுறையை விரித்துக்கொண்டு, “ரெண்டு பேருக்கும் எத்தினை வயசு?” என்று மட்டும் கேட்டேன்.

அவர் சிரித்தார். “ஓம், அதுவும் சரிதான்.”

அக்காவின் மகள் வேறு நகரத்தில் ஆசிரியை. அவர் ஒரே சொல்லில் மறுத்துவிட்டார். அந்த ஆளை விமான நிலையத்துக்குப் போய் அழைத்துவரவும் மாட்டேன், அவர் இருக்கும் நாட்களில் அந்தப் பக்கம் வரவும் மாட்டேன் என்றார். தங்கை வரும் நாள் எனக்கு ஓய்வு நாள். என் கணவரிடம் காரைக் கேட்டேன். “உனக்கேன் இந்த வேலை?” என்று கேட்டுக்கொண்டே அவர் திறப்பைத் தந்தார். அக்காவை முன் இருக்கையில் இருத்தி, அவர் பிடித்து நடக்கும் சக்கர வண்டியான ரோலாட்டரை மடித்துப் பின்னால் போட்டுக்கொண்டு போனேன்.

கதவு திறந்து ஆட்கள் வர வர, அக்கா ஒவ்வொரு முகமாகப் பார்த்தார். தங்கையை அவர் கடைசியாகப் பார்த்தபோது அவளுக்கு இருபத்தியொரு வயது. கடைசியில் வந்தவர் சாயம் பூசிய தலைமுடியும் கறுப்புக் கோட்டும் போட்ட, அக்காவைவிடச் சின்ன உருவமுடைய ஒரு மனுஷி. அவரும் தேடினார். இரண்டு பேரும் ஒருவரையொருவர் தாண்டிப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். நான்தான் மூக்கை வைத்துக் கண்டுபிடித்தேன். இருவருக்கும் ஒரே மூக்கு.

கட்டிப் பிடிக்கவில்லை. கன்னத்தோடு கன்னம் வைத்தார்கள். அந்த நாட்டில் முன்பின் தெரியாதவர்களும் அப்படித்தான் செய்வார்களாம்.

முதல் சில நாட்கள் நான் காலையில் போகும்போது வீடு மிகவும் மரியாதையாக இருந்தது. தங்கை விடிய எழும்பி மேசையைத் துடைத்து, பாணை வாட்டி, அவகாடோப் பழத்தை உப்புப் போட்டு மசித்து வைத்திருப்பார். எனக்கும் ஒரு துண்டு. நான் அதில் கொஞ்சம் மிளகாய்த்தூள் தூவிச் சாப்பிட்டதைப் பார்த்து, அடுத்தநாள் தானும் தூவிக்கொண்டார். எங்களுக்குள் பொதுவான மொழி இல்லை. கைப்பேசியில் ஸ்பானியத்தில் சொல்லுவார், அது ஜேர்மனில் எனக்குச் சொல்லும். ஒருமுறை அக்கா, “ஸ்வெஸ்டர், கண்ணாடியை எடுத்துத் தாங்கோ,” என்றார். நான் திரும்புவதற்குள் தங்கை எழும்பிவிட்டார். அவர் தெரிந்துவைத்திருந்த ஒரே ஜேர்மன் சொல் ‘ஸ்வெஸ்டர்’, தன்னைத்தான் அழைக்கிறார் என்று எண்ணியிருக்கிறார். அக்கா தடுமாறிப் போனார். பிறகு கண்ணாடி இருந்த இடத்தைக் காட்டி, அதைத் தங்கையிடமிருந்தே வாங்கிக்கொண்டார்.

அந்தச் செவ்வாயைப் பற்றி இருவரும் ஒரு சொல்லும் கதைக்கவில்லை என்று அக்கா எனக்குச் சொன்னார். அம்மாவின் சமையல், பழைய அயலவர்கள், யார் செத்தார், யாருக்குச் சர்க்கரை வியாதி. “சுவரில இருக்கிற படத்தைக்கூட அவள் பார்க்கிறாள் இல்லை,” என்றார். அந்தப் படத்தில் அவருடைய கணவர், இருபத்தெட்டு வயதில், கழுத்துப்பட்டி கொஞ்சம் கோணலாக.

சனிக்கிழமை நான் வேலை முடித்துப் புறப்படும்போது அவர்களும் என்னோடு கீழே இறங்கினார்கள். மருந்துக்கடைக்குப் போக வேண்டும் என்றார்கள். வாசலில், நடைபாதையில், நான்கு சின்னப் பித்தளைக் கற்கள் பதித்திருக்கிறார்கள். இந்த நகரத்தில் பல வாசல்களில் உண்டு. நான் தினமும் அவற்றைத் தாண்டித்தான் போவேன். தங்கை குனிந்து பார்த்தார். கையால் தூசியைத் துடைத்துவிட்டு அக்காவிடம் ஏதோ கேட்டார். அக்கா ரோலாட்டரில் சாய்ந்து நின்றபடி ஒவ்வொரு கல்லாக வாசித்து மொழிபெயர்த்தார். நாஸி காலத்தில் இந்த வீட்டிலிருந்து கூட்டிப் போகப்பட்ட ஒரு யூதக் குடும்பம் அது. தாய், தகப்பன், இரண்டு பிள்ளைகள். பிறந்த ஆண்டு, பிடித்த நாள், எங்கே கொண்டுபோனார்கள், எங்கே கொன்றார்கள்.

தங்கை நிமிரவில்லை. முழங்காலில் கையை ஊன்றியபடி அப்படியே இருந்தார். பிறகு மெதுவாக, குனிந்தபடியே, கதைக்கத் தொடங்கினார். நீளமாகக் கதைத்தார். எனக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை. அக்காவின் கைகள் ரோலாட்டரின் பிடியை இறுக்குவதை மட்டும் கண்டேன். நான் கதிரை போல மடங்கும் அதன் இருக்கையை விரித்து, அக்காவைப் பிடித்து இருத்தினேன். தெருவில் ஆட்கள் விலகி விலகிப் போனார்கள். தங்கை சொல்லி முடித்ததும் கைப்பையிலிருந்து முத்திரை குத்திய தாள் ஒன்றை எடுத்து அக்காவின் மடியில் வைத்தார்.

அக்கா அதை வாசிக்கவில்லை. “ஸ்வெஸ்டர், என்னை மேல கொண்டுபோங்கோ,” என்றார்.

ஞாயிற்றுக்கிழமை காலை நான் போனபோது தங்கை குசினியில் கதவைச் சாத்திக்கொண்டு இருந்தார். அக்கா இரவு முழுவதும் நித்திரை கொள்ளாதவர் போல இருந்தார். இரத்த அழுத்தம் கூடியிருந்தது. நான் கருவியைக் கழற்றும்போது அவராகவே சொன்னார்.

“அவளுக்குத் தெரிஞ்சிருக்கு. அந்தக் கிழமையே தெரியும். அவன் சொன்னவனாம், இனி அவரைப் பற்றிக் கேட்காதை, உடுப்புக் கொண்டுபோகவும் விடாதை எண்டு. அதிலயே அவளுக்கு விளங்கியிட்டுது. எனக்குத்தான் பொம்பிளை எண்டு கதை சொன்னவள்.”

“ஏனாம்?”

“நான் வாசலில போய் நிண்டு நிண்டு என்னையும் பிடிச்சுக்கொண்டு போயிடுவாங்கள் எண்டு பயந்தவளாம். பிறகு, தன்ர கலியாணம் குழம்பிப் போயிடும் எண்டும் பயந்தவளாம். ரெண்டையும் சொன்னவள். முதலாவதை மட்டும் சொல்லியிருந்தால் நான் நம்பியிருக்க மாட்டன்.”

மடியில் அந்தத் தாள் இருந்தது. காணாமல் போனவர்களை இனி அரசே பொறுப்பேற்றுத் தேடும் என்று சில நாட்களுக்கு முன்புதான் அங்கே அறிவித்திருந்தார்கள். அதுவரை தேடியதெல்லாம் மனைவிமாரும் தாய்மாரும் பிள்ளைகளும்தான். தங்கை விமானம் ஏறுவதற்கு முதல் வாரம் அந்தத் தேடலுக்கான அரச அலுவலகத்துக்குத் தனியாகப் போயிருக்கிறார். கணவர் நோயில் படுத்திருந்தபோது சொன்னதையெல்லாம் சொல்லியிருக்கிறார். 1973இல் அக்காவின் கணவரைப் பிடித்த வாரம் எந்த இடத்திலிருந்து லொறிகள் புறப்பட்டன, எந்தப் பாதையால் போயின, எப்போது வெறுமையாகத் திரும்பின என்று. தாளின் அடியில் அவருடைய கையெழுத்து இருந்தது. அதைச் செய்ததற்காக அவருடைய இரண்டு ஆண்பிள்ளைகளும் அவரோடு கதைப்பதில்லையாம்.

“நான் என்ன செய்யிறது?” என்று அக்கா கேட்டார்.

“சாப்பிட்டீங்களா?” என்றேன்.

“இல்லை. அவளும் சாப்பிடேல்லை.”

நான் குசினிக் கதவைத் தட்டினேன்.

திங்கட்கிழமைதான் பதினோராம் திகதி. ஒவ்வொரு வருடமும் பேர்லினில் இருக்கும் சிலிக்காரர்கள் ஒரு சதுக்கத்தில் கூடுவார்கள். அக்காவை அங்கே கூட்டிப் போவதாக முன்னமே வாக்குக் கொடுத்திருந்தேன். மாலை நான் போனபோது தங்கையும் கோட்டைப் போட்டுக்கொண்டு வாசலில் நின்றார். அக்கா அவரை வா என்றும் சொல்லவில்லை, வராதே என்றும் சொல்லவில்லை. மூன்று பேரும் பஸ்ஸில் போனோம். இறங்கியதும் தங்கை தரிப்பிடத்திலேயே நின்றுவிட்டார். அதற்கு அப்பால் தான் வருவது சரியில்லை என்று கையால் காட்டினார். அக்காவைக் கூட்டத்தில் ஒரு கதிரையில் இருத்திவிட்டு, அங்கே அவரைத் தெரிந்தவர்கள் நிறையப் பேர் இருந்ததால், நான் திரும்பிவந்து தங்கையோடு நின்றுகொண்டேன்.

நரைத்த தலைகள்தான் அதிகம். நெஞ்சில் கறுப்பு வெள்ளைப் படங்களைக் குத்தியிருந்தார்கள். படத்தில் இருந்தவர்கள் எல்லோரும் அவர்களுடைய பேரப்பிள்ளைகளின் வயதில் இருந்தார்கள். பேர்லினில் பிறந்து வளர்ந்த பிள்ளைகள் கித்தார் வாசித்தார்கள். பிறகு ஒரு முதியவர் பெயர்களை வாசிக்கத் தொடங்கினார். ஒவ்வொரு பெயருக்கும் கூட்டம் ‘பிரெசென்தே’ என்றது. இங்கே இருக்கிறார் என்று அர்த்தம். அக்கா முன்னமே எனக்குச் சொல்லியிருந்தார்.

எங்கள் ஊரில், காணாமல் போனவர்களின் தாய்மார் போராடும் வீதியோரக் கொட்டிலில், என் அம்மா அண்ணாவின் படத்தோடு இருந்த புகைப்படம் ஒன்று என்னிடம் உண்டு. மற்றத் தாய்மாரோடு, வெயிலில். நான் அந்தச் சதுக்கத்தைப் பார்த்துக்கொண்டு அம்மாவைத்தான் நினைத்துக்கொண்டு நின்றேன். அப்போது அக்காவின் கணவருடைய பெயர் வந்தது. கூட்டத்தில் அக்கா கையை உயர்த்தினார். என் பக்கத்தில், பஸ் தரிப்பிடத்தின் கண்ணாடிக்குப் பின்னால் நின்ற தங்கை, எனக்கு மட்டும் கேட்கக்கூடிய குரலில், “பிரெசென்தே,” என்றார்.

நான் அவருடைய கையைப் பிடித்துக்கொண்டேன். குளிர்ந்திருந்தது. பஸ் ஒன்று வந்து எங்களுக்காகக் கதவைத் திறந்தது. நாங்கள் அசையவில்லை என்றதும் மூடிக்கொண்டு போனது.

அன்றிரவு அந்த வீட்டில் என்ன நடந்தது என்று எனக்குத் தெரியாது. அடுத்தநாள் காலை குசினியில் இரண்டு கோப்பைகள் கழுவிக் கவிழ்த்திருந்தன. தங்கை குளியலறையில் இருந்தார். நான் அக்காவின் காலை மடியில் எடுத்தேன். பஸ் தரிப்பிடத்தில் கேட்டதைச் சொன்னேன். அவர் யன்னலைப் பார்த்தார். அப்போது ஏனோ, ஒருவரிடமும் சொல்லாததை நான் சொல்லத் தொடங்கினேன்.

அண்ணாவைச் சோதனைச் சாவடியில் பிடித்த பிறகு, நான் இங்கே வந்து நாலைந்து வருடங்களில், ஒருநாள் தொலைபேசியில் அம்மா அழுதுகொண்டே இருந்தார். நிறுத்தவே இல்லை. எனக்கு அந்த அழுகையைத் தாங்க முடியவில்லை. “அம்மா, அண்ணாவைப் போல ஒராளைப் பிரான்ஸில, பரிஸில கண்டவையாம்,” என்று சொல்லிவிட்டேன். யாரும் காணவில்லை. யாரும் எனக்கு அப்படிச் சொல்லவும் இல்லை. அழுகை நின்றது. ஆனால் அதன்பிறகு அம்மா சாகும்வரை, கொட்டிலில் மற்றத் தாய்மார் எதைச் சொன்னாலும், “என்ர பிள்ளை பரிஸில,” என்றே சொல்லிக்கொண்டிருந்தார். நான் தொலைபேசி எடுக்கும் ஒவ்வொரு தடவையும், “பரிஸில இப்ப குளிரே பிள்ளை?” என்று கேட்பார். “ஓம் அம்மா, குளிர்தான்,” என்பேன்.

“உங்கட தங்கச்சி சொன்ன பொய்யும் நான் சொன்னதும் ஒண்டுதான்,” என்றேன். காலுறை பாதிக் காலில் நின்றது. என்னால் அதை மேலே இழுக்க முடியவில்லை.

அக்கா என் தலையில் கையை வைத்தார். “அம்மா பரிஸ் விலாசம் கேட்டவவா?”

“இல்லை.”

“ஒரு கடிதம் எழுதித் தாறன், அனுப்பிவிடு எண்டு சொன்னவவா?”

“இல்லை.”

“பின்னை, அவவுக்குத் தெரிஞ்சிருக்கு,” என்றார். “உங்களுக்காகத்தான் குளிரைக் கேட்டிருக்கிறா.”

இதை நான் இத்தனை வருடங்களில் ஒருமுறையும் யோசித்துப் பார்த்ததில்லை. அந்தக் கட்டிலின் விளிம்பில் தலையை வைத்துக்கொண்டு அழுதேன். குளியலறையிலிருந்து வந்த தங்கை எங்களைக் கண்டு, என்னவென்று தெரியாமலே, பாதிக் காலில் நின்ற காலுறையை என் கையிலிருந்து வாங்கி, தரையில் இருந்து, தமக்கையின் காலில் ஏற்றத் தொடங்கினார். குதிக்கால் திரும்பிவிட்டது. எப்படிப் போடுவதென்று நான் கண்ணைத் துடைத்துக்கொண்டு காட்டிக் கொடுத்தேன். மிச்ச நாட்களில் அதை அவரே செய்தார். நான் போய்ச் சரி பார்த்துக் கையெழுத்து வாங்கிக்கொண்டு வருவேன்.

எல்லாம் தீர்ந்துவிட்டது என்று சொல்ல மாட்டேன். ஒரு காலை நான் போனபோது இருவரும் கத்திக்கொண்டிருந்தார்கள். கவிழ்ப்புக்கு முன்பிருந்த மாதங்களில் பாணுக்கும் எண்ணெய்க்கும் வரிசையில் நின்றதைத் தங்கை சொல்லியிருக்கிறார். வரிசையில் நின்றதற்காக மனுசரைக் கொல்லலாமா என்று அக்கா கேட்டிருக்கிறார். தங்கை, கொல்லலாம் என்று நான் சொல்லவில்லை, பயமாக இருந்தது என்றுதான் சொன்னேன் என்றாராம். அன்று மதியம்வரை கதைக்கவில்லை. மதியத்துக்குப் பிறகு இறைச்சியும் வெங்காயமும் அடைத்த பணியாரம் போன்ற ஒன்றைச் சேர்ந்து சுட்டார்கள். அவர்களுடைய தேசிய தினத்துக்கு அது இருக்க வேண்டுமாம். அடுத்த நாள் எனக்கும் நாலு கட்டித் தந்தார்கள்.

தங்கை புறப்படுவதற்கு முதல்நாள் அக்காவின் மகள் வந்தார். வர மாட்டேன் என்றவர் சொல்லாமல் வந்து நின்றார். அந்த அலுவலகத்தில் எலும்புகள் ஏதும் கிடைத்தால் ஒப்பிட்டுப் பார்ப்பதற்குப் பிள்ளைகளின் எச்சில் மாதிரி தேவையாம். அதற்கான விண்ணப்பத்தைத் தங்கை கொண்டுவந்திருந்தார். மகள் அதை வாங்கி, நின்றபடியே நிரப்பினார். தகப்பனின் அடையாளங்கள் என்ற இடம் வந்ததும் பேனை நின்றுவிட்டது. அவருக்கு ஒன்றும் தெரியாது. அக்கா, எனக்காக ஜேர்மனிலும் திருப்பிச் சொல்லிக்கொண்டே, உயரத்தைச் சொன்னார். முன்பல் ஒன்று உடைந்தது என்றார். தங்கை தயங்கித் தயங்கி, இடது முழங்கையில் ஒரு பழைய முறிவு என்றார். கலியாண வீட்டில் ஆடி விழுந்தபோது முறிந்தது. “என்னைத் தூக்கிச் சுத்தி ஆடேக்கை விழுந்தவர்,” என்றார். அக்கா அதை மறந்தே போயிருந்தார். மகள் அந்த இடத்தில் எழுதிவிட்டு, “வேறை என்ன ஞாபகம் இருக்கு, சித்தி?” என்று கேட்டார். அன்று என் அடுத்த வீட்டுக்கு நான் நாற்பது நிமிடம் பிந்திப் போனேன்.

இன்றுவரை ஒன்றும் கிடைக்கவில்லை. ஒரு பாலத்தருகே தோண்டப் போவதாக ஒருமுறை அறிவித்தல் வந்தது. பிறகு வேறு செய்தி இல்லை. அந்த நாட்டில் இன்னும் இராணுவ ஆட்சிக் காலத்தில் எழுதிய அரசியலமைப்புத்தான், திருத்தங்களோடு, நடைமுறையில் இருக்கிறது. அதற்குப் பதிலாக, முதலில் இடதுசாரிகள் எழுதிய வரைவுக்கும் பிறகு வலதுசாரிகள் எழுதிய வரைவுக்கும் என்று இரண்டு தடவை மக்களிடம் வாக்குக் கேட்டார்கள். இரண்டு தடவையும் வேண்டாம் என்று வந்தது. இரண்டாவது வாக்கெடுப்பு தங்கை திரும்பிப் போன அதே வருடக் கடைசியில் நடந்தது. அடுத்த காலை நான் கதவைத் திறக்கும்போதே அக்காவின் சத்தம் கேட்டது. தொலைபேசியில் தங்கை. முகமெல்லாம் சிவந்து, ஒரு கையால் காற்றை வெட்டி வெட்டி, ஸ்பானியத்தில் பொரிந்து தள்ளிக்கொண்டிருந்தார். இரத்த அழுத்தம் பார்ப்பதில் பிரயோசனம் இல்லை என்று கருவியைப் பையிலேயே விட்டேன்.

“முதலாவதுக்கும் இல்லை எண்டு போட்டவளாம். இப்ப ரெண்டாவதுக்கும் இல்லை எண்டு போட்டவளாம்,” என்று தொலைபேசியைக் கையால் பொத்திக்கொண்டு எனக்கு ஜேர்மனில் சொன்னார். “என்னதான் வேணுமாம் இவளுக்கு?”

மறுமுனையில் தங்கை விடாமல் கதைத்துக்கொண்டிருந்தார். நான் தரையில் இருந்து அக்காவின் காலை எடுத்து மடியில் வைத்தேன். அவர் இன்னும் பத்து நிமிடம் சண்டை பிடித்தார். பிறகு குரல் தணியாமலே, அதே கோபத்தோடு, ஏதோ கட்டளையிட்டுவிட்டு வைத்தார்.

“என்ன சொன்னீங்கள்?” என்று கேட்டேன்.

“நாளைக்கும் போன் எடு எண்டு சொன்னனான்,” என்றார் அக்கா.